பாடி அண்ட் சோல்: ஒரு ஜாஸ் பாடலின் இசைத்தட்டு வரலாறு – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

‘பாடி அண்ட் சோல்’ என்பது எத்தகைய பாடல்?

1930-ஆம் ஆண்டில் எழுதப்பட்ட ஒரு காதல் ஏக்கப் பாடல் இது. விலகிச் சென்ற ஒருவரை நினைத்து உருகும் ஒருவர், தம் உடலும் உயிரும் அவருக்கே உரியவை என்று சொல்வதே இதன் பொருள். மெதுவான நடையில் பாடப்படும் இத்தகைய பாடல்களை ஜாஸ் கலைஞர்கள் பாலட் என்று அழைப்பார்கள். தலைப்பைத் தமிழ் எழுத்தில் எழுதும்போது முதற்சொல் ‘பாடி’ என்று அமைந்துவிடுவது ஒரு வேடிக்கை. ஏனென்றால், இந்தப் பாடலுக்கு அழியாப் புகழ் தேடித் தந்த, சாக்ஸபோன் கலைஞர் கோல்மன் ஹாக்கின்ஸின் 1939-ஆம் ஆண்டு இசைத்தட்டில் பாடுபவர் எவருமே இல்லை. பாடலின் வரிகள் மட்டுமல்ல, மெட்டும்கூட அதில் பெரும்பாலும் இல்லை. இந்தப் பக்கத்தில் உள்ள கேள்விகள் பலவும் சுற்றிச் சுற்றி அந்த ஒரு வியப்புக்கே வந்து சேர்கின்றன.

ஜாஸ் கலைஞர்கள் ஒரு பாடலை ‘ஸ்டாண்டர்ட்’ என்று எப்போது சொல்கிறார்கள்?

முன்பின் பழக்கமில்லாத நான்கு கலைஞர்கள் ஒரு மேடையில் சந்தித்து, ஒத்திகை இல்லாமல், தலைப்பையும் சுருதியையும் மட்டும் சொல்லிக்கொண்டு உடனே வாசிக்கத் தொடங்க முடியுமானால் அந்தப் பாடல் ஸ்டாண்டர்ட் ஆகிவிட்டது என்று கொள்ளலாம். இவற்றில் பெரும்பாலானவை ஜாஸுக்காக எழுதப்பட்டவை அல்ல. நியூயார்க்கின் பிராட்வே நாடக அரங்குகளுக்காகவும் திரைப்படங்களுக்காகவும் எழுதப்பட்டு, பின்னர் ஜாஸ் கலைஞர்கள் தம்முடையதாக ஆக்கிக்கொண்டவை. முதலில் மெட்டை ஒருமுறை வாசித்துவிட்டு, அதன் கார்டு வரிசையை, அதாவது மெட்டுக்கு அடியில் அடுத்தடுத்து ஒலிக்கும் ஸ்வரக் கூட்டங்களின் வரிசையை, மாறாத சட்டமாக வைத்துக்கொண்டு, அதன்மேல் ஒவ்வொருவரும் தத்தம் மனோதர்மத்தைக் காட்டுவது வழக்கம்.

இதை எழுதியவர் யார்?

இசை, ஜானி கிரீன். 1908-இல் நியூயார்க்கில் பிறந்து, ஹார்வர்டில் பொருளாதாரம் படித்து, பங்குச் சந்தை வேலையை உதறிவிட்டு இசைக்கு வந்தவர். பாடலை எழுதியபோது அவருக்கு இருபத்திரண்டு வயதுகூட நிறைந்திருக்கவில்லை. பிற்காலத்தில் எம்ஜிஎம் படநிறுவனத்தின் இசைத்துறைத் தலைவராக இருந்து ஆஸ்கர் விருதுகள் வென்றார். வரிகளுக்கு எட்வர்ட் ஹேமன், ராபர்ட் சோர், ஃபிராங்க் ஐட்டன் ஆகிய மூவரின் பெயர்கள் பதிவாகியுள்ளன.

ஆங்கிலேய நடிகையும் பாடகியுமான கெர்ட்ரூட் லாரன்ஸுக்குப் பியானோ வாசித்துவந்த கிரீன், அவர் பாடுவதற்காகவே இதை இயற்றினார். லாரன்ஸ் அதைத் தம்முடன் லண்டனுக்கு எடுத்துச் சென்றார். ஆகவே அமெரிக்காவில் எழுதப்பட்ட இந்தப் பாடல், அமெரிக்கர்களின் காதுக்கு எட்டுவதற்கு முன்பே பிரிட்டிஷ் நடனக் குழுக்களின் கைக்குப் போய்விட்டது.

முதன்முதலில் இசைத்தட்டில் பதிவு செய்தவர் யார்?

1930 பிப்ரவரியில் லண்டனில் ஜாக் ஹில்டனின் நடனக் குழு பதிவு செய்த இசைத்தட்டே முதலாவது என்று கொள்ளப்படுகிறது. அமெரிக்காவில் அதே ஆண்டு செப்டம்பரில் பால் வைட்மன் குழு, ஜாக் ஃபுல்டனைப் பாடவைத்து ஒரு தட்டு வெளியிட்டது. அடுத்த மாதம் 15-ஆம் தேதி பிராட்வேயில் தொடங்கிய ‘த்ரீஸ் எ க்ரௌட்’ என்னும் கலைநிகழ்ச்சியில் லிபி ஹோல்மன் அதைப் பாடினார். அமெரிக்கப் பொதுமக்களிடம் பாடலைக் கொண்டுபோய்ச் சேர்த்தது அந்த மேடைதான். ஹெலன் மார்கன், ரூத் எட்டிங், ஆனெட் ஹான்ஷா என்று அன்றைய புகழ்பெற்ற பாடகிகள் பலரும் அதே ஆண்டில் பதிவு செய்தார்கள்.

இவையெல்லாம் நல்ல பதிவுகள். ஆனால் இவற்றைக் கேட்டுவிட்டு இந்தப் பாடல் நூறாண்டு நிலைக்கும் என்று எவரும் ஊகித்திருக்க முடியாது.

அப்படியானால் முதல் ஜாஸ் பதிவு எது?

1930 அக்டோபர் 9 அன்று லாஸ் ஏஞ்சலஸில் லூயி ஆம்ஸ்ட்ராங் ‘ஓகே’ என்ற இசைத்தட்டு நிறுவனத்துக்காகப் பதிவு செய்ததை அவ்வாறு சொல்லலாம். தேதியைக் கவனியுங்கள்: பிராட்வே நிகழ்ச்சி திரை விலகுவதற்கு ஆறு நாள் முன்பு, நாட்டின் மறுகோடியில். அன்று அவருடன் வாசித்த லெஸ் ஹைட் குழுவில் டிரம்ஸ் வாசித்தவர் பின்னாளில் வைப்ராஃபோனில் பெரும்புகழ் பெறவிருந்த லயனல் ஹாம்ப்டன். ஆம்ஸ்ட்ராங் பாடவும் செய்கிறார், டிரம்பெட்டும் வாசிக்கிறார். மெட்டின் ஸ்வரங்களை அப்படியே ஒப்பிக்காமல், சிலவற்றை விழுங்கி, சிலவற்றைத் தாமதப்படுத்தி, தாளத்துக்குச் சற்றுப் பின்னே சாய்ந்து பாடுகிறார். மற்ற 1930-ஆம் ஆண்டுப் பதிவுகளில் பாடல் எழுதிய தாளில் உள்ளபடியே நிற்கிறது. இதில் மட்டும் அது அசையத் தொடங்குகிறது.

இசையமைப்பில் அப்படி என்ன தனிச்சிறப்பு? கலைஞர்கள் ஏன் இதையே தேடிப் போனார்கள்?

பாடலின் உடல் 32 பார் நீளமுடையது. பார் என்பது நான்கு தட்டுகள் கொண்ட ஒரு தாள அளவை. எட்டுப் பார் நீளமுள்ள ஒரு பகுதி இருமுறை வரும், பிறகு எட்டுப் பாருக்கு வேறொரு நடுப்பகுதி, கடைசியில் மீண்டும் முதற்பகுதி. இந்த 32 பாரும் சேர்ந்தது ஒரு சுற்று. அக்காலத்துப் பாடல்கள் நூற்றுக்கணக்கில் இதே அச்சில் வார்க்கப்பட்டவை என்பதால், அமைப்பில் புதுமை ஏதுமில்லை. சுருதியின் போக்கில்தான் விஷயம் இருக்கிறது.

கர்நாடக இசை பழகிய காதுக்கு அதை எளிதாகச் சொல்லிவிடலாம். பாடல் பெரும்பாலும் டி ஃபிளாட் மேஜரில், அதாவது ஒன்றரைக் கட்டையில் வாசிக்கப்படுகிறது. நடுப்பகுதி வந்ததும் அரைச் சுரம் ஏறி இரண்டு கட்டைக்குப் போய்விடுகிறது. நான்கு பார் அங்கே தங்கிவிட்டு, ஒரு கட்டைக்கு இறங்கி, அங்கிருந்து அரை அரைச் சுரமாக வழுக்கிக்கொண்டு வந்து, கடைசி எட்டுப் பாரின் வாசலில் நம்மை இறக்கிவிடுகிறது. எட்டே பாருக்குள் ஆதார சட்ஜம் இத்தனை முறை இடம்பெயர்வதை, தம்பூரா சுருதி மாறாமல் ஒலிக்கும் கச்சேரியிலே பழகியவர்கள் முதலில் ஒரு மயக்கமாகவே உணர்வார்கள். அது மட்டுமன்று, முதற்பகுதிகூடத் தன் சொந்த சட்ஜத்தில் தொடங்குவதில்லை. ஒரு படி மேலே, மைனர் கார்டு ஒன்றில் தொடங்கி, பிறகே வீட்டுக்கு வருகிறது. வாசிப்பவருக்கு ஒவ்வோர் இரண்டு தட்டுக்கும் ஒரு புதிய கார்டு கிடைப்பதும் உண்டு. மெதுவான நடை, நெருக்கமான கார்டுகள் என்ற இந்தச் சேர்க்கைதான், யோசித்து வாசிக்கும் கலைஞர்களை ஈர்த்தது. சாதாரணமாக வாசிப்பவர்களை இதே சேர்க்கை கவிழ்த்தும்விடும்.

முதற்பகுதிக்கு முன்னால் ஓர் அறிமுகப் பாட்டும் உண்டு. பெரும்பாலான பதிவுகள் அதை விட்டுவிடுகின்றன. இழப்பு பெரிதில்லை.

1935-ஆம் ஆண்டின் பென்னி குட்மன் பதிவைப் பலரும் குறிப்பிடுவது ஏன்?

இரண்டு காரணங்கள். 1935 ஜூலை 13 அன்று கிளாரினெட் கலைஞர் பென்னி குட்மன், பியானோவில் டெடி வில்சன், டிரம்ஸில் ஜீன் க்ரூப்பா ஆகியோருடன் தமது மூவர் குழுவின் முதல் பதிவுகளைச் செய்தார். அவற்றில் ஒன்று இந்தப் பாடல். வில்சன் கறுப்பர், மற்ற இருவரும் வெள்ளையர். வெள்ளையரும் கறுப்பரும் ஒரே மேடையில் அமர்ந்து வாசிப்பது அமெரிக்காவில் ஏறத்தாழ நினைத்துப் பார்க்க முடியாததாக இருந்த காலத்தில், ஒலிப்பதிவுக் கூடத்தின் மூடிய கதவுக்குள் அது நடந்தது. பொதுமக்கள் முன்னிலையில் இந்த மூவரும் வாசித்தது 1936-இல் சிகாகோவில்.

இரண்டாவது காரணம் இசை சார்ந்தது. பத்துப் பதினைந்து பேர் கொண்ட நடனக் குழுவின் பின்னணி இல்லாமல், தாழ்ந்த சுரங்களை ஒலிக்கும் பாஸ் என்ற தந்திக் கருவிகூட இல்லாமல், மூன்றே கருவிகளில் இந்தப் பாடல் நிற்கும் என்பதை அவர்கள் காட்டினார்கள். வில்சனின் இடக்கை வாசிப்பில் கார்டுகளின் போக்கு கண்ணாடிபோலத் தெளிவாகக் கேட்கிறது. 1938 ஜனவரி 16 அன்று கார்னகி அரங்கில் நடந்த குட்மனின் கச்சேரியிலும் மூவர் குழு இதை வாசித்தது.

சாக்ஸபோனில் இதை முதலில் பெரிதாக வாசித்தவர் கோல்மன் ஹாக்கின்ஸ்தானே?

அப்படி ஒரு நம்பிக்கை இருக்கிறது. அதைக் கொஞ்சம் திருத்திக்கொள்ள வேண்டும். ஹாக்கின்ஸுக்கு ஏறக்குறைய ஓராண்டு முன்பு, 1938 நவம்பர் 11 அன்று, டெனர் சாக்ஸபோன் கலைஞர் சூ பெர்ரி, டிரம்பெட் கலைஞர் ராய் எல்ட்ரிட்ஜுடன் சேர்ந்து கமடோர் நிறுவனத்துக்காக இதைப் பதிவு செய்தார். வழக்கமான பத்து அங்குலத் தட்டுக்குப் பதிலாகப் பன்னிரண்டு அங்குலத் தட்டு என்பதால், கூடுதல் நேரம் கிடைத்தது. பெர்ரி மெதுவாகத் தொடங்குகிறார். நடுவில் எல்ட்ரிட்ஜ் காலத்தை இரட்டித்துக்கொண்டு பாய்கிறார். பிறகு பெர்ரி மீண்டும் பழைய நடைக்கு வந்து முடிக்கிறார். 1941-இல் கார் விபத்தில் இளவயதில் இறந்துபோன பெர்ரிக்கு உரிய இடம் கிடைக்கவில்லை என்பது என் எண்ணம். அவருடைய தட்டைக் கேட்காமல் ஹாக்கின்ஸின் தட்டுக்குப் போகிறவர்கள், ஒரு விவாதத்தின் மறுமொழியை மட்டும் கேட்கிறவர்கள்.

1939 அக்டோபர் 11 அன்று என்ன நடந்தது?

அதற்குச் சற்று முன்கதை வேண்டும். 1904-இல் மிசூரி மாநிலத்தில் பிறந்த ஹாக்கின்ஸ், ஃபிளெட்சர் ஹெண்டர்சன் குழுவில் பத்தாண்டுக்கு மேல் வாசித்து, டெனர் சாக்ஸபோனை வேடிக்கை ஒலி எழுப்பும் கருவி என்ற நிலையிலிருந்து மீட்டு, கனமான தனிக் குரலுள்ள கருவியாக மாற்றியவர். 1934-இல் ஐரோப்பாவுக்குப் போனவர் ஐந்தாண்டு அங்கேயே இருந்துவிட்டார். போர் மூளப்போகும் 1939 கோடையில் நியூயார்க் திரும்பியபோது, லெஸ்டர் யங், சூ பெர்ரி, பென் வெப்ஸ்டர் என்று அவருடைய கருவியில் ஒரு புதிய தலைமுறையே தலையெடுத்திருந்தது. பழைய அரசர் இன்னும் அரசர்தானா என்ற கேள்வி கிளப்புகளில் உலவிக்கொண்டிருந்தது.

அக்டோபர் 11 அன்று, ஆர்சிஏ விக்டரின் மலிவுவிலை முத்திரையான புளூபேர்டுக்காக ஒன்பது பேர் கொண்ட தம் குழுவுடன் அவர் ஒலிப்பதிவுக் கூடத்துக்குப் போனார். அன்றைய பதிவுகளில் அவர் மனம்வைத்து ஏற்பாடு செய்திருந்தவை வேறு பாடல்கள். ‘பாடி அண்ட் சோல்’ பதிவு நிறுவனத்தின் வற்புறுத்தலால் சேர்க்கப்பட்டது. அதற்கென்று விரிவான குழு ஏற்பாடு எதுவும் இல்லை. ஜீன் ராட்ஜர்ஸ் பியானோவில் நான்கு பார் முன்வாசிப்பு தருகிறார். ஹாக்கின்ஸ் நுழைகிறார். அதன்பிறகு முடியும்வரை அவர் ஒருவரே.

இரண்டு சுற்று, 64 பார். முதற்சுற்றில் பியானோ, பாஸ், டிரம்ஸ் மட்டும் அடியில் நடக்கின்றன. இரண்டாம் சுற்றில் மற்ற ஊதுகருவிகள் நீண்ட, மெல்லிய கார்டுகளைப் பின்னால் விரிக்கின்றன. ஹாக்கின்ஸ் தொடக்கத்தில் தாழ்ந்த குரலில், காதோடு பேசுவதுபோல வாசிக்கிறார். எட்டு எட்டுப் பாராக நகர நகர, சொற்றொடர்கள் நீள்கின்றன, ஒலி பருமனாகிறது, சுரங்கள் மேல் ஸ்தாயியை நோக்கி ஏறுகின்றன. உச்சம் இரண்டாம் சுற்றின் கடைசிப் பகுதியில்தான் வருகிறது. அங்கிருந்து இறங்கி, துணைக்கருவிகள் எல்லாம் நின்றுவிட, தனியாக ஒரு சிறு சொற்கட்டை வாசித்து முடிக்கிறார். எங்கே மூச்சு விட்டார் என்று தேடிக்கொண்டே கேட்டாலும், இரண்டாம் சுற்றில் அந்தத் தேடல் நமக்கு மறந்துபோகிறது.

அந்தப் பதிவில் மெட்டே கிடையாது என்பது உண்மையா?

ஏறத்தாழ உண்மை. முதற்சில பாரில் மெட்டின் சாயல் தெரியும், அடையாளம் கண்டுகொள்ளும் அளவுக்கு மட்டும். அதன்பிறகு கார்டு வரிசை மட்டுமே மீதி. அந்த வரிசையில் உள்ள ஒவ்வொரு கார்டையும் அதன் சுரங்கள் தனித்தனியே கேட்கும்படி பிரித்து அடுக்கியும், ஒன்றிலிருந்து அடுத்ததுக்குப் போகும் வழியில் தாமாகவே இடைக் கார்டுகளைச் சேர்த்தும் புதிய மெட்டு ஒன்றை அவர் பின்னுகிறார். அன்று சில கலைஞர்கள் அவர் தப்புச் சுரம் வாசிக்கிறார் என்று சொன்னதாக ஹாக்கின்ஸே பிற்காலத்தில் நினைவுகூர்ந்திருக்கிறார். அந்தத் ‘தப்புச் சுரங்கள்’ ஐந்தாறு ஆண்டுகளில் பீபாப் என்ற புதிய பாணியின் அன்றாடச் சொற்களாகிவிட்டன.

இதில் வியப்பு என்னவென்றால், மெட்டைக் கேட்டு மகிழும் பொதுமக்களிடமும் இந்தத் தட்டு நன்றாக விற்றது. பாடலை வாங்கப் போனவர்கள் பாடல் இல்லாத ஒன்றை வாங்கிக்கொண்டு திரும்பினார்கள். பிறகு கிளப்புகளில் அதையே, அந்தத் தட்டில் உள்ளபடியே கேட்கவும் கேட்டார்கள். எழுதப்பட்ட தாளில் இருந்தது ஜானி கிரீனின் பாடல். மக்கள் மனத்தில் பதிந்தது ஹாக்கின்ஸின் மூன்று நிமிடம். அந்த இடமாற்றத்தைத்தான் இந்தப் பாடலின் வரலாற்றிலேயே முக்கியமான நிகழ்வாக நான் கருதுகிறேன்.

இந்தப் பதிவு 1974-இல் கிராமியின் புகழ் மன்றத்திலும், 2004-ஆம் ஆண்டுக்கான தெரிவுகளில் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலிலும் சேர்க்கப்பட்டது.

ஏன் இரண்டே சுற்று? இன்னும் நீட்டியிருக்கலாமே?

நிமிடத்துக்கு 78 முறை சுழலும் பத்து அங்குல இசைத்தட்டின் ஒரு பக்கம் கொள்ளக்கூடிய நேரம் மூன்று நிமிடத்தைச் சற்று ஒட்டியது. நிமிடத்துக்கு ஏறக்குறைய 95 தாளத்தட்டு என்ற நடையில், முன்வாசிப்பு நான்கு பாரும் இரண்டு சுற்றும் சேர்ந்து 68 பார், அதாவது 272 தாளத்தட்டுகள். மூன்று நிமிடத்துக்குச் சில நொடிகள் குறைவாக வரும். முடிவில் வரும் தனி வாசிப்புக்கு எஞ்சியது அவ்வளவுதான். நேரடி மேடைகளில் அவர் இதை விரும்பிய மட்டும் நீட்டியதுண்டு. ஆனால் தட்டில் உள்ள ஏற்றமும் இறக்கமும் அந்த மூன்று நிமிடச் சிறைக்குள் திட்டமிட்டதுபோல அமைந்தவை. இந்த விஷயத்தில் தொழில்நுட்பத்தின் குறை கலைக்கு உதவியாகவே முடிந்தது.

அடுத்த ஆண்டுகளில் மற்றவர்கள் எப்படி எதிர்கொண்டார்கள்?

பில்லி ஹாலிடே 1940 பிப்ரவரி 29 அன்று பாடினார். எல்ட்ரிட்ஜ் அதில் டிரம்பெட் வாசிக்கிறார். மெட்டின் ஏற்ற இறக்கங்களைச் சுருக்கி, சிறிய வட்டத்துக்குள் வைத்துக்கொண்டு, சொல்லைச் சற்றுத் தாமதமாக வைப்பதிலேயே துயரத்தைக் காட்டிவிடுகிறார். 1957 ஜனவரியில் பென் வெப்ஸ்டர் துணையுடன் அவர் மீண்டும் பதிவு செய்தபோது குரல் உடைந்திருந்தது. இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்பது எளிதான காரியமில்லை. ஆயினும் கேட்க வேண்டும்.

1940 அக்டோபர் 1 அன்று சிகாகோவில் பியானோ கலைஞரும் குழுத் தலைவருமான டியூக் எலிங்டன், தம் குழுவின் இளம் பாஸ் கலைஞர் ஜிம்மி பிளாண்டனை மட்டும் துணைக்கு வைத்துக்கொண்டு சில பாடல்களைப் பதிவு செய்தார். அவற்றுள் இதுவும் ஒன்று. அதுவரை பின்வரிசையில் நின்று தாளத்துக்குத் துணைபோன பாஸ், இங்கே வில்லால் இழைத்து முன்னணிக்கு வந்து பேசுகிறது. பிளாண்டன் 1942-இல் காசநோயால் இறந்தார், வயது 23. அதே 1942-இல் லெஸ்டர் யங், பியானோவில் நாட் கிங் கோல், பாஸில் ரெட் காலெண்டர் மூவரும் டிரம்ஸ் இல்லாமல் ஒரு பதிவு செய்தார்கள். ஹாக்கின்ஸ் கார்டுகளைப் படிப்படியாக ஏறி இறங்குகிறார் என்றால், யங் அவற்றின்மேல் மிதந்து போகிறார். இரண்டு குருகுலங்களுக்கும் உள்ள வேறுபாட்டை விளக்க இவ்விரண்டு தட்டுகளே போதும்.

பீபாப் பாணியின் முன்னோடிகளில் ஒருவரான சாக்ஸபோன் கலைஞர் சார்லி பார்க்கரின் கதையையும் சொல்ல வேண்டும். சிறுவயதில் கான்சஸ் சிட்டியில் மூத்த கலைஞர்கள் கூடும் இடத்தில் இந்தப் பாடலை இரட்டைக் காலத்தில் வாசிக்க முயன்று, எல்லாரும் சிரித்துவிட, வீட்டுக்குப் போய் அழுது மூன்று மாதம் கருவியைத் தொடாமல் இருந்ததாக அவரே ஒரு பேட்டியில் கூறியிருக்கிறார். 1940 நவம்பர் இறுதியில் விச்சிட்டா நகர வானொலி நிலையத்தில் ஜே மெக்ஷான் குழுவினருடன் பதிவான அவருடைய மிகத் தொடக்ககால ஒலிப்பதிவுகளில் இதே பாடல் இருக்கிறது.

‘ரெயின்போ மிஸ்ட்’ என்ற தட்டும் இதே பாடல் என்கிறார்களே, எப்படி?

1944 பிப்ரவரியில் அப்பல்லோ நிறுவனத்துக்காக, டிஸ்ஸி கில்லெஸ்பி, மேக்ஸ் ரோச் முதலிய இளைஞர்களைச் சேர்த்துக்கொண்டு ஹாக்கின்ஸ் செய்த பதிவு அது. கார்டு வரிசை ‘பாடி அண்ட் சோல்’ உடையது, மெட்டு இல்லை, தலைப்பு வேறு. கார்டு வரிசைக்குப் பதிப்புரிமை கோரும் வழக்கம் கிடையாது. மெட்டுக்கும் வரிகளுக்குமே உண்டு. ஆகவே மெட்டை அடியோடு விட்டுவிட்டால் அதைப் புதிய இசையாக்கமாகப் பதிந்துகொள்ள முடிந்தது. 1939-இல் அவர் கலைக்காகச் செய்ததை 1944-இல் கணக்குக்காகவும் செய்துகொண்டார் என்று சொன்னால் அது குற்றச்சாட்டு ஆகாது. அன்றைய இளம் கலைஞர்கள் பலர் பழைய பாடல்களின் எலும்புக்கூட்டுக்குப் புதுச் சட்டை மாட்டிவிடுவதை அன்றாடம் செய்துகொண்டிருந்தார்கள்.

ஹாக்கின்ஸ் வாசித்ததை ஒருவர் வரிகளோடு பாடியிருக்கிறார் என்பது உண்மையா?

உண்மை. எடி ஜெஃபர்சன் என்ற பாடகர், ஹாக்கின்ஸின் சாக்ஸபோன் வாசிப்பில் உள்ள ஒவ்வொரு சுரத்துக்கும் ஒரு சொல் வைத்து, முழுவதையும் பாடலாக்கினார். வோகலீஸ் எனப்படும் இந்தக் கலைக்கு வழிகாட்டிகளில் அவர் ஒருவர். வரிகளின் பொருளும் காதல் ஏக்கம் அன்று, ஹாக்கின்ஸின் புகழ்தான். ஜெஃபர்சன் 1979-இல் கொல்லப்பட்டார். அதே ஆண்டில் மன்ஹாட்டன் டிரான்ஸ்ஃபர் என்ற பாடகர் குழு, அவருக்கும் ‘பீன்’ என்று செல்லப்பெயர் பெற்ற ஹாக்கின்ஸுக்கும் அஞ்சலியாக இதைப் பதிவு செய்தது.

பாடல், பாடலற்ற வாசிப்பாகி, அந்த வாசிப்பு மீண்டும் பாடலாகியது.

ஹாக்கின்ஸுக்குப் பிறகு டெனர் சாக்ஸபோனில் புதிதாக ஒன்றைச் சொன்னவர் யார்?

ஜான் கோல்ட்ரேன். 1960 அக்டோபர் 24 அன்று அட்லாண்டிக் நிறுவனத்துக்காகப் பதிவாகி, 1964-இல் ‘கோல்ட்ரேன்ஸ் சவுண்ட்’ என்ற எல்பியில், அதாவது நீண்ட நேர இசைத்தட்டில், வெளிவந்தது. ஹாக்கின்ஸ் மெட்டை விட்டுவிட்டுக் கார்டுகளைக் காப்பாற்றினார். கோல்ட்ரேன் இதற்கு நேர்மாறாகச் செய்தார். மெட்டைக் கேட்பவர் தவறவிட முடியாதபடி தெளிவாக வாசித்துவிட்டு, அடியில் உள்ள கார்டுகளை மாற்றிக் கட்டினார். முதற்பகுதியில் பாஸ் ஒரே சுரத்தைப் பிடித்துக்கொண்டு நிற்க, பியானோவில் மெக்காய் டைனர் அதன்மேல் கார்டுகளை அசைக்கிறார். நடுப்பகுதியில், முந்தைய ஆண்டு கோல்ட்ரேன் உருவாக்கியிருந்த, மூன்று சட்ஜங்களுக்கிடையே சுற்றிவரும் கார்டு முறையை நுழைக்கிறார். கிரீன் எழுதிய சுருதி மாற்றமே மயக்கம் தரக்கூடியது என்று மேலே சொன்னேன். இது மயக்கத்தின்மேல் மயக்கம். இன்று மாணவர்கள் இந்தப் பாடலை வாசிக்கும்போது, எந்த நடுப்பகுதி, கிரீனுடையதா கோல்ட்ரேனுடையதா என்று முன்கூட்டியே பேசிக்கொள்வது உண்டு.

துணைக்கருவிகளே இல்லாத பதிவுகள் உண்டா?

உண்டு. சோனி ராலின்ஸ் 1958-இல் டெனர் சாக்ஸபோனை மட்டும் வைத்துக்கொண்டு தனியாக வாசித்திருக்கிறார். கார்டு ஒலிக்க ஒருவரும் இல்லாதபோதும் கார்டுகள் நம் காதில் கேட்கும்படி வாசிப்பதே அதன் சாதனை. 1962-இல் தெலோனியஸ் மங்க் ‘மங்க்ஸ் ட்ரீம்’ எல்பிக்காகப் பியானோவில் தனியாக வாசித்தார். பழைய மதுக்கடைப் பியானோக்காரரைப் போல இடக்கையைத் தாவவிட்டு, எதிர்பாராத இடத்தில் கூரான சுரங்களைக் குத்திவிட்டு, மெட்டை மட்டும் விடாமல் பற்றிக்கொண்டு போகிறார். சாரா வான் 1978-இல் ரே பிரவுனின் பாஸை மட்டும் துணைகொண்டு பாடியது, தனி வாசிப்பு அல்லவென்றாலும், அதே துணிவைச் சேர்ந்தது.

டோனி பென்னட்டும் ஏமி வைன்ஹவுஸும் பாடிய பதிவு எப்போது நடந்தது?

2011 மார்ச் 23 அன்று லண்டனின் அபே ரோடு கூடத்தில். பென்னட்டுக்கு அப்போது 84 வயது, வைன்ஹவுஸுக்கு 27. நான்கு மாதம் கழித்து, ஜூலை 23 அன்று வைன்ஹவுஸ் இறந்துவிட்டார். அவருடைய பிறந்த நாளான செப்டம்பர் 14 அன்று பதிவு வெளிவந்தது, அடுத்த ஆண்டு இருவர் பாடிய பாப் பாடல் பிரிவில் கிராமி விருதும் பெற்றது. அவருடைய கடைசி ஒலிப்பதிவு என்பதால் அனுதாபம் சேர்ந்துகொண்டது என்று சொல்வார்கள். அனுதாபத்தை நீக்கிவிட்டுக் கேட்டாலும், சொல்லின் கடைசி அசையை அவர் வளைக்கும் விதத்தில் பழைய பாடகிகளைக் கூர்ந்து கேட்டு வளர்ந்த காது தெரிகிறது. முதல் தட்டு பதிவான அதே நகரம் இது என்பதையும் குறித்துக்கொள்ளலாம்.

1947-இல் இதே பெயரில் வந்த திரைப்படத்துக்காக எழுதப்பட்டதா?

இல்லை. ஜான் கார்ஃபீல்ட் நடித்த குத்துச்சண்டைப் படம் அது. பதினேழு ஆண்டு பழைய பாடலிடமிருந்து அது பெயரையும் இசையையும் எடுத்துக்கொண்டது.

இப்போது இதற்குப் பதிப்புரிமை உண்டா?

அமெரிக்காவில், 1930-இல் வெளியான படைப்பு என்பதால், 2026 ஜனவரி 1 அன்று பாடல் பொதுவுடைமை ஆகிவிட்டது. ஆனால் பாடல் வேறு, அதன் ஒலிப்பதிவு வேறு. அமெரிக்கச் சட்டப்படி 1923 முதல் 1946 வரை வெளியான ஒலிப்பதிவுகளுக்கு நூறாண்டுப் பாதுகாப்பு உண்டு. ஆகவே 1939-இல் வெளியான ஹாக்கின்ஸின் தட்டு 2040 தொடங்கும்போதுதான் அங்கே பொதுவுடைமை ஆகும். மெட்டு விடுதலையாகிவிட்டது, மெட்டில்லாத தட்டுக்கு இன்னும் பூட்டு இருக்கிறது. மற்ற நாடுகளில் கால அளவுகள் வேறு.

புதிதாகக் கேட்பவர் எங்கிருந்து தொடங்குவது?

ஹாக்கின்ஸிடமிருந்து தொடங்க வேண்டாம் என்பதே என் அறிவுரை. மெட்டு மனத்தில் பதியாதவருக்கு, மெட்டை விட்டு விலகுவதன் அருமை தெரியாது. ஆனெட் ஹான்ஷா அல்லது ரூத் எட்டிங்கின் 1930-ஆம் ஆண்டுத் தட்டு ஒன்றை, முணுமுணுக்க வரும்வரை நாலைந்து முறை கேளுங்கள். பிறகு ஆம்ஸ்ட்ராங், பிறகு குட்மன் மூவர், பிறகு சூ பெர்ரி. அதற்கு மறுநாள் ஹாக்கின்ஸைப் போட்டுவிட்டு, அவர் வாசிக்க வாசிக்க 1930-ஆம் ஆண்டு மெட்டை உங்களுக்குள் மெதுவாகப் பாடிக்கொண்டே வாருங்கள். இரண்டும் வெவ்வேறு திசையில் போய்க்கொண்டே, ஒவ்வோர் எட்டாவது பாரிலும் ஒன்றாக வந்து சேர்வது கேட்கும். நடுப்பகுதியில் சுருதி ஏறும் இடத்தில் உங்கள் முணுமுணுப்பு தடுமாறினால் கவலைப்பட வேண்டாம், அங்கே எல்லாருக்கும் தடுமாறும்.